பால் குடித்த கல்

எந்த நீலக்கல் வந்தாலும் ரத்தின வியாபாரி சுப்பராமன் முதலில் பாலில் போட்டுப் பார்ப்பார். அசல் நீலம் என்றால் பால் நீலம் பாரிக்கும். 1943 தை மாதம், மந்தைவெளி விசாலாக்ஷி தன் மகளோடு வந்து கொடுத்த கல்லையும் அப்படித்தான் டம்ளரில் போட்டார். பால் நிறம் மாறவில்லை, குறைந்துகொண்டே வந்தது. டம்ளர் காலியானதும் கல்லை எடுத்தார். வெதுவெதுவென்றிருந்தது. உள்ளங்கையில் ஒருமுறை விக்கிவிட்டு, கைக்குழந்தை மாதிரி திரிந்த பாலைக் கக்கியது. புளித்த வாடை அடித்தது.

“இது நீலமில்லே மாமி. ஆத்துல வெச்சுக்க வேண்டாம்,” என்றார், கையை வேட்டியில் அழுத்தித் துடைத்தபடி.

“இதோட ஜோடியை இவ மூக்குத்தில பதிச்சு ஒரு வாரமாச்சே,” என்றாள் விசாலாக்ஷி.

பக்கத்தில் நின்ற மகள், மூக்குத்தியிலிருந்து மேலுதட்டுக்கு வழிந்த வெள்ளையை நாக்கை நீட்டி நக்கிக்கொண்டாள்.