மிகச் சிறப்பு

போகோமில் உறையைப் பிரித்தார். 'ஆண்டு மதிப்பீடு: மிகச் சிறப்பு' என்றிருந்தது. கீழே ரோசிட்சாவின் கையெழுத்து.

அவரால் நம்ப முடியவில்லை. இந்தச் சுங்க அலுவலகத்துக்கு அவர் தலைவராக இருந்தபோது, மூன்று வருஷம் தொடர்ந்து ரோசிட்சாவுக்கு 'போதாது' என்று எழுதியவர் அவர்தான். திறந்தே பார்க்காத லாரிக்கு, சோதித்ததாகக் கையெழுத்துப் போட மறுத்தாள். அவள் செய்த குற்றம் அவ்வளவுதான். வரவேண்டிய பதவி உயர்வு போயிற்று. அதோடு விடாமல் மலையுச்சி எல்லைச் சாவடிக்குத் தூக்கியடித்தார். பனி சாலையை மூடிய ஒரு ஜனவரியில், பெற்ற தாயின் அடக்கத்துக்குக்கூட அவளால் கீழே இறங்கி வர முடியவில்லை.

அவள் வழக்குப் போட்டாள். ஆறு வருஷம் இழுத்தது. மூன்று மதிப்பீடுகளையும் நீதிமன்றம் ரத்து செய்தது. போகோமிலை ஒரு படி இறக்கினார்கள். வசந்தத்தில் ரோசிட்சா அவருடைய நாற்காலியிலேயே வந்து உட்கார்ந்தாள்.

"என்னண்ணே, தலை தப்பிச்சுதா?" பக்கத்து மேஜை நெவெனா எட்டிப் பார்த்தாள்.

"மிகச் சிறப்பும்மா! பயந்துட்டா. குறைச்சுப் போட்டா நானும் கேஸ் போடுவேன்ல?"

"நான் மட்டும் அவங்க இடத்துல இருந்தா உங்கள உரிச்சு உப்புத் தடவியிருப்பேன். மலைச் சாவடித் தலைவர் வேலைய விட்டு ஓடிட்டாராமே. ரெண்டு நாளா அந்தம்மா தலைமையகத்தோட போன்லயே இருக்காங்க. அந்த அவசரத்துல மாத்தி எழுதிட்டாங்களோ என்னவோ!"

போகோமில் அதைக் காதில் வாங்கவில்லை. வீட்டில் காய்ச்சிய ராக்கியா என்ற பிளம் பழச் சாராயம் ஒரு பாட்டிலை எடுத்துக்கொண்டு அவள் அறைக்குப் போனார்.

"மேடம், உங்களுக்குப் பெரிய மனசு. எனக்கு இன்னும் ரெண்டு வருஷம்தான் சர்வீஸ். கடலப் பாத்தாப்புல வீடு கட்டி, போன மாசந்தான் குடி போனோம். பழசெல்லாம் மறந்துட்டு..."

ரோசிட்சா பாட்டிலைத் தொடவில்லை. ஒரு தாளை அவர் பக்கம் நகர்த்தினாள்.

"மிகச் சிறப்பு வாங்கினவங்களுக்குத்தான் பதவி உயர்வு. தலைமையகம் இன்னிக்குக் காலையில கையெழுத்துப் போட்டுட்டாங்க. வாழ்த்துகள்."

அவர் படித்தார். மலையுச்சிச் சாவடி, தலைவர் பதவி. திங்கட்கிழமை பொறுப்பேற்க வேண்டும். மறுத்தால் பணிநீக்கம்.

தாளை மேஜைமேல் போட்டார்.

"அங்க அக்டோபர்லயே பனி விழுமே! என் முட்டி தாங்காது மேடம். என் பொண்டாட்டி தனியா..."

"எங்கம்மாவும் தனியாத்தான் இருந்தாங்க."

"இது பழிவாங்கல்! சும்மா விட மாட்டேன். நான் கோர்ட்டுக்குப் போறேன்!"

இத்தனை வருஷத்தில் முதல்முறையாக ரோசிட்சா அவரைப் பார்த்துச் சிரித்தாள்.

"போய் என்னன்னு சொல்லுவீங்க? மார்க் அதிகமாப் போட்டுட்டாங்கன்னா?"