பையின் கடைசி மூலை

அச்சகத்தில் நாற்பத்தோராண்டுகள் பிழை திருத்தியவனும், அக்கம்பக்கத்தாரால் ‘புரூப் ஐயா’ என அழைக்கப்படுபவனும், எழுபத்துமூன்று வயது நிறைந்தவனுமாகிய நான், என் மருமகள்மீது சுமத்திய குற்றச்சாட்டு ஒன்றை இங்கே பதிவு செய்கிறேன்.

எட்டு மாதங்களுக்கு முன் பக்கவாதம் தாக்கியதில், என் வலக்கை விரல்கள் பேனா பிடிக்க மறுத்துவிட்டன. அந்தக் கையைத்தான் அவள் தினமும் சமையலறைக்கு அழைத்தாள்.

“மாமா, கொஞ்சம் வாங்க. நான் மூடினா பை மிதக்குது.”

அவளுடைய சமையல் நூதனமானது. கோழித்துண்டை ஜிப் வைத்த பிளாஸ்டிக் பையில் இட்டு, கொதிக்காத வெந்நீரில் மணிக்கணக்காக வேகவைப்பாள். உள்ளே காற்றிருந்தால் பை மிதக்கும். மிதந்தால் சரியாக வேகாது. ஆகவே, ஜிப்பில் ஒரு மூலையை மட்டும் திறந்துவைத்து, பையைத் தண்ணீருக்குள் மெல்ல இறக்க வேண்டும். தண்ணீர் நெருக்க நெருக்கக் காற்று வெளியேறும். ஜிப் நனைவதற்குள், அந்த மூலையைக் கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் அழுத்தி மூடிவிட வேண்டும்.

அதுவே என் உத்தியோகம். மூன்று பேர் கொண்ட வீட்டில் நாளொன்றுக்கு ஆறு பைகள்!

“கேரட்டுக்குமா தனிப் பை?”

“சேத்துப் போட்டா சரியா வராது மாமா.”

எதிர்வீட்டு நண்பர் ஒருநாள் என் ஈரச் சட்டையைப் பார்த்துவிட்டார்.

“என்னய்யா, இந்த வயசுல உங்களைப் போட்டு இப்படிப் பிழியறா? காத்தை உறிஞ்சி ஒட்டுற மெஷின் கடையில கிடைக்குதே!”

மருமகளிடம் கேட்டேன்.

“உங்க விரல் மாதிரி மெஷின் வருமா மாமா?” என்றாள். உச்சி குளிர்ந்து திரும்பினேன்.

மறுநாள் துண்டு தேடி மேல் அலமாரியைத் திறந்தேன். பழைய பாத்திரங்களுக்குப் பின்னால் அதே மெஷின்! எடுத்து இயக்கினேன். ஒரு நொடியில் காற்றை உறிஞ்சிப் பையை ஒட்டியது.

“இது என்னம்மா?”

கேரட் நறுக்கிய கை நின்றது. “மெஷின், மாமா.”

“நல்லா ஓடுதே!”

“ரெண்டு வருஷமா ஓடுது.”

“அப்போ என்னை ஏன் வேலைக்காரன் மாதிரி நடத்துறே?”

அவள் கத்தியைக் கீழே வைத்தாள்.

“டாக்டர் குடுத்த ரப்பர் பந்தை, ‘நான் என்ன கைக்குழந்தையா’ன்னு ஜன்னல் வழியா எறிஞ்சீங்க. விரலுக்கு வேலை குடுக்கலைன்னா கை அப்படியே நின்னுடும்னு அவர் சொல்லிட்டார். பயிற்சின்னா நீங்க செய்ய மாட்டீங்க. ஆனா நான் தப்பாச் செஞ்சா, திருத்தாம உங்களால இருக்க முடியாதே மாமா!”

இயந்திரத்தை இருந்த இடத்திலேயே வைத்தேன். பிறகு அவளிடம் பேனா கேட்டு வாங்கி, கோணல்மாணலாக, ஆனால் வலக்கையாலேயே ஒரு சீட்டு எழுதி அதன்மேல் ஒட்டினேன்:

“இயந்திரம் பழுது. எவரும் தொடலாகாது. மார்ச் 17, செவ்வாய்க்கிழமை.”