துறைமுகம் பார்த்தவள்

"நிமிர்ந்து இரு பிள்ளை. இப்பிடிக் குனிஞ்சு கொண்டிருந்தா என்னெண்டு?"

அப்பா காதருகே சொன்னார். இராசமலர் முகத்தைச் சற்றே உயர்த்தினாள். எதிர்ப் பலகையில் கமராவோடு இருந்த வாலிபன் இந்தப் பக்கம் பார்ப்பது தெரிந்ததும் பழையபடி தாழ்த்திக்கொண்டாள்.

மோட்டர் வள்ளம் திருகோணமலைத் துறையை விட்டுக் கிளம்பியிருந்தது. வாலிபனுக்குப் பக்கத்தில் மூக்குக்கண்ணாடி போட்ட ஒரு அம்மா, அவனுடைய தாய்தான். ஓட்டுகிற மூதூர் முத்தலிப்பைத் தவிர வள்ளத்தில் வேறு யாரும் இல்லை.

பெண் பார்க்க வருகிறவர்களை இராசமலர் எண்ணுவதை விட்டு வெகுகாலம் ஆகிறது. முதலில் வீட்டுக்குத்தான் வந்தார்கள். வந்தவர்கள் வேண்டாம் என்று போனதை அயல் முழுக்கக் கதைத்தது. அதற்குப் பிறகு அப்பா இரத்தினசிங்கம் மகளிடம்கூட விஷயத்தைச் சொல்வதில்லை. "கோயிலுக்குப் போவம்" என்பார். பத்திரகாளி அம்மன் வாசலில் ஒரு குடும்பம் காத்து நிற்கும். "படத்துக்குப் போவம்" என்பார். முன்வரிசையில் ஒரு தலை திரும்பித் திரும்பிப் பார்க்கும். இன்று காலை, "நல்ல சீலையாக் கட்டு, ஹாபரைச் சுத்திப் பாத்திட்டு வருவம்" என்றபோதே அவளுக்கு விளங்கிவிட்டது. பாவம் அப்பா, இடம் தேடித் தேடிக் கடைசியில் கடலுக்கே வந்துவிட்டார்.

போனமுறை வந்தவர்கள், "பெட்டைக்கு வாய் கூட, சிரிப்பும் பெரிசு" என்று சொல்லிப் போனார்கள். அதனால் இன்றைக்கு வாய்க்குப் பூட்டுப் போட்டிருந்தாள்.

அப்பாவுக்குக் கப்பல் திருத்துகிற டொக்யார்ட்டில் பென்சன் ஆகிவிட்டது. மாதக் கடைசியில், வேலையோடு தந்த குவாட்டர்ஸைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, வவுனியாப் பக்கம் பெரியப்பாவின் வயல் வீட்டுக்குப் போகவேண்டும். அந்தக் காட்டுக்குள் எந்த மாப்பிள்ளை தேடி வரப்போகிறான்? இதுவும் தட்டிப்போனால் அப்பா இடிந்துபோவார். தனக்காக இல்லாவிட்டாலும் அவருக்காகவாவது இது ஒப்பேறவேண்டும்.

"இஞ்சால பாருங்க ஐயா, சோபர் தீவு" என்றார் முத்தலிப்.

"பார் பிள்ளை, பார். வெள்ளைக்காரன் இருக்கேக்க இதில ஒருத்தரையும் கால் வைக்க விடமாட்டான்." அப்பாவுக்கு இருப்புக் கொள்ளவில்லை. எழும்புவதும் இருப்பதும் கை நீட்டுவதுமாக இருந்தார். நல்ல இடம்போல இருக்கிறது, அதுதான் மனுசன் இந்தப் பாடுபடுகிறது என்று நினைத்தாள்.

எதிரே இருந்த அம்மா அவள் பக்கம் சரிந்தார். "பேர் என்ன பிள்ளை?"

"இராசமலர்."

"வடிவான பேர். படிச்சனீங்களோ?"

"ஓம்."

இன்னும் சொல்ல எவ்வளவோ இருந்தது. அத்தனையையும் விழுங்கிக்கொண்டாள். அந்த அம்மா சிரித்தது மட்டும் நெஞ்சுக்குள் இதமாக இறங்கியது. பிடித்துவிட்டதோ?

சீனன்குடாப் பக்கம் வள்ளம் திரும்பியபோது வாலிபன் கமராவைத் தூக்கினான். அது நேரே அவளை நோக்கியே இருந்தது. படம் வீடு வீடாகப் போகும், சொந்தக்காரர் கூடி நின்று பார்ப்பார்கள். உதடுகளை இறுக்கி, அடக்கமாகத் தலையைக் குனிந்துகொண்டாள்.

"எண்ணெய்த் தாங்கியள் பிள்ளை! எவ்வளவு பெரிசெண்டு பாரன்!"

அப்பா என்ன சொன்னாலும் முகத்தை அவர்களுக்குக் காட்டத்தான் சொல்கிறார் என்று அவளுக்குத் தெரியாதா? கப்பல் சங்கு கேட்டு விடிகிற குவாட்டர்ஸில் பிறந்து வளர்ந்தவள் அவள். தண்ணீர்மேல் வந்தது இதுதான் முதல் தடவை. பார்க்க ஆசை அவளுக்கும் இருந்தது. இந்தச் சம்பந்தம் சரிவந்தால் இந்தப் பக்கமே இருந்து ஆறுதலாகப் பார்த்துக்கொள்ளலாம்.

துறைமுக வாயிலில் முத்தலிப் எஞ்சினை நிற்பாட்டினார். "அந்தா தெரியிது கோணேசர் மலை. இந்தப் பக்கம் வெளிச்சவீடு."

அப்பா கையை நீட்டிக் காட்டினார். அந்தக் கையின் நிழல் பலகையில் விழுந்து ஆடுவதை இராசமலர் பார்த்துக்கொண்டிருந்தாள்.

திரும்பித் துறையில் இறங்கியதும், "வாறம் ஐயா" என்று சொல்லிவிட்டுத் தாயும் மகனும் பஸ் நிலையப் பக்கம் நடந்தார்கள். திரும்பிப் பார்ப்பார்கள் என்று அவள் நின்று பார்த்தாள். பார்க்கவேயில்லை. அவளுக்கு அழுகை முட்டியது.

"என்னவாம் அப்பா?"

"ஆர்?"

"அவையள்தான். என்னைப் பிடிச்சுதாமோ?"

இரத்தினசிங்கம் அவளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"அவையள் ஆரெண்டே எனக்குத் தெரியாது பிள்ளை. கொழும்பில இருந்து சுத்திப் பாக்க வந்த சனமாக்கும். தரகரை நான் தைப்பொங்கலோட வரவேண்டாம் எண்டிட்டன். கண்டவனுக்கெல்லாம் முன்னால நீ தலை குனிஞ்சு இருக்கிறதை என்னால இனிப் பாக்க ஏலாது. சின்னனில எந்தநாளும் கேப்பாய், கப்பலுகளைக் கிட்டப் போய்ப் பாக்கவேணும் எண்டு. நானும் பிறகு பிறகு எண்டு கடத்திப்போட்டன். ஊரை விட்டுப் போகமுதல் காட்டிப்போடவேணும் எண்டுதான்..."

வள்ளம் நின்ற பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். "எல்லாம் வடிவாப் பாத்தனிதானே?"

"ஓம் அப்பா, பாத்தனான்" என்றாள் இராசமலர்.

அவள் பார்த்திருந்தது வள்ளத்தின் அடிப்பலகையையும் தன் கால்விரல்களையும் மட்டுந்தான்.