துக்க விடுப்பு

அலுவலகத்தில் எல்லோர் மணிக்கட்டிலும் ஒரு பட்டை உண்டு. உடம்பின் அசைவை வைத்தே மனதின் நிலையைச் சொல்லும். மனம் வாடியிருந்தால் ஆடச் சொல்லும். ஆடித் தேறியவர்கள் வேலைக்குத் திரும்ப வேண்டும். தணிகைவேலுக்கு அதில் ஒரு குறையும் தெரிந்ததில்லை, அப்பா சாகும் வரை.

வியாசர்பாடியில் அவர்கள் தெருவில் பூப்பல்லக்குக்கு முன்னால் பிள்ளை ஆடித்தான் அப்பனை அனுப்ப வேண்டும். மேளம் கிளம்பியதும் தணிகைவேல் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு, கண்ணீர் வழிய வழிய ஆடினான். பட்டை பச்சையாக ஒளிர்ந்து பேசியது.

"வாழ்த்துகள். உங்கள் மனநிலை மிகச் சிறப்பு. துக்க விடுப்பு முடிந்தது."

சித்தப்பா கிட்டே வந்தார். "இன்னாடா சொல்லுது?"

"நான் சந்தோசமா கீறேனாம். நாளைக்கு வேலைக்கு வரணுமாம்."

"அப்ப ஆடாம கம்முனு ஓரமா உக்காரு."

"நைனாவ அனுப்பசொல்ல ஆடாம எப்டி சித்தப்பா?"

சித்தப்பா யோசித்தார். பிறகு பட்டையைக் கழற்றி, மாலைகளை விலக்கி, அண்ணனின் மணிக்கட்டில் மாட்டிவிட்டார். "இது இங்க கெடக்கட்டும். நீ போய் ஆடு."

தணிகைவேல் வெறி பிடித்தவன்போல் ஆடினான். பல்லக்கைத் தூக்கும் நேரத்தில் மேளம் சற்று ஓய்ந்தது. மாலைகளுக்குள்ளிருந்து பட்டை கனிவாகப் பேசியது.

"ஆழ்ந்த துக்கம் தெரிகிறது. விடுப்பு நீட்டிக்கப்பட்டது. எழுந்து கொஞ்சம் ஆடுங்கள், எல்லாம் சரியாகிவிடும்."

மேளம் மறுபடி கிளம்பியது. தணிகைவேலுக்குக் கால் எழவில்லை. அப்பாவின் கையையே பார்த்துக்கொண்டு நின்றான்.