முதல் கையெழுத்து

"அவ எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு இந்த ரூமுக்குள்ள வருவான்னு நானும் பார்க்கிறேன்!"

ஐந்தாம் வகுப்பு டீச்சர் பரீட்சைத் தாள் கட்டை மேசைமேல் தொப்பென்று போட்டார். தையல் டீச்சர் பதறினார்.

"மெதுவாக்கா, ஹெச்.எம். காதுல விழப்போகுது."

"விழட்டுமே. வேலையே போகப்போகுது, இனி யாருக்குப் பயம்?"

பள்ளியில் பிள்ளைகள் வருஷா வருஷம் குறைந்துகொண்டே வந்தார்கள். குறையக் குறைய, பணி மூப்பில் கடைசியாக இருப்பவரை வீட்டுக்கு அனுப்பினார்கள். இப்போது ஐந்தாம் வகுப்பு டீச்சர்தான் கடைசி. அவருக்கு நேர் மேலே மூன்றாம் வகுப்பு டீச்சர். இருவரும் ஒரே நாளில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். ஆனால் அன்றைய பதிவேட்டில் மூன்றாம் வகுப்பு டீச்சரின் கையெழுத்து முதலில் இருந்தது.

"அன்னிக்கு ஆபீஸ் வாசல்ல முதல் ஆளா நின்னவ நான். இவ பின்னாடி கைக்குழந்தையோட வந்தா. அது ஜுரத்துல துவண்டு கிடந்தது. 'நீ முதல்ல போட்டுட்டு டாக்டர்கிட்ட ஓடும்மா'ன்னு வழி விட்டேன். அந்த இரக்கத்துக்குக் கிடைச்ச கூலியப் பாரு!"

"அவங்களே விரும்பி வேலையை விட்டாலும் நீங்க தப்ப முடியாதேக்கா. பாட்டு டீச்சர் தானா விலகினாங்க. தாளாளர் அந்த இடத்தையும் எடுத்துட்டு, கடைசியா இருந்தவங்களையும் அனுப்பிட்டாரே."

"நான் அவளை விலகச் சொல்லலையே! தாளாளர்கிட்ட அழுதேன். 'உங்க வீட்டுக்காரர் படுத்த படுக்கையா இருக்காரு, பார்க்கலாம்மா'ன்னாரு. அதுக்குள்ள இவ பணி மூப்பு வழக்குன்னு கோர்ட்டுக்குப் போயிட்டா. 'இனி என் கையில இல்லை'ன்னு அவரும் கையை விரிச்சுட்டாரு."

"எதுக்குப் போனீங்கன்னு அவங்களைக் கேட்டீங்களா?"

"கேட்டேன். 'வக்கீல் பேசக் கூடாதுன்னு சொல்லியிருக்காருக்கா'ன்னா. மூப்புக்காக கோர்ட்டு ஏறுறவங்க எதுக்கு ஏறுவாங்க? தன் இடத்துக்கு ஆணி அடிச்சுக்கத்தானே? இதுக்கு வக்கீல் வேற வந்து விளக்கணுமா?"

தையல் டீச்சர் பேச்சை மாற்றப் பார்த்தார். "நம்ம ஊர்க் கோர்ட்டுல வாய்தா வாங்கியே எல்லாரும் ரிட்டயர் ஆயிடுவோம்னு நினைச்சேன். இது ரெண்டே மாசத்துல தீர்ப்புக்கு வந்துடுச்சே!"

யாரும் சிரிக்கவில்லை. கதவருகே மூன்றாம் வகுப்பு டீச்சர் நின்றுகொண்டிருந்தார். கையில் நனைந்த குடை. கோர்ட்டிலிருந்து நேராக வந்திருக்க வேண்டும்.

"அக்கா, தீர்ப்பு வந்துடுச்சு. இப்பவாவது உங்ககிட்ட ஒரு வார்த்தை..."

"அக்காவா? யாருக்கு யாருடி அக்கா? ஜெயிச்சுட்டியா?"

"கேட்டது கிடைச்சுதுக்கா. அதுல..."

"போன வருஷம் உன் பிள்ளை போனப்ப உன்னை மடியில போட்டு அழுதவ நான். பெத்த பிள்ளையை வாரிக் கொடுத்தும் உனக்குப் புத்தி வரலையேடி!"

இப்படிப்பட்ட நேரங்களில் மனிதர்களின் நாக்குக்குக் கடவுள் ஒரு தாழ்ப்பாள் வைத்திருக்கலாம். அவர் வைக்கவில்லை. அதை நம் பொறுப்பில் விட்டுவிட்டார்.

மூன்றாம் வகுப்பு டீச்சர் தன் அலமாரிக்குப் போனார். அலமாரியைத் திறந்து தன் டம்ளரையும் மகனின் சிறிய படத்தையும் எடுத்துப் பையில் வைத்தார். அலமாரிச் சாவியை ஐந்தாம் வகுப்பு டீச்சரின் மேசை ஓரத்தில் ஓசையில்லாமல் வைத்துவிட்டு வெளியே நடந்தார். குடையை விரிக்க மறந்துவிட்டார் போலிருக்கிறது. மழையில் நனைந்துகொண்டே கேட்டைத் தாண்டினார்.

"ஹெச்.எம். பக்கத்துல புது அலமாரி கொடுத்திருப்பாங்க, மகாராணிக்கு" என்று முணுமுணுத்தார் ஐந்தாம் வகுப்பு டீச்சர். பிறகு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு தன் சிவப்புப் பேனாக்களையும் சாக்குக்கட்டிப் பெட்டியையும் பையில் திணிக்கத் தொடங்கினார். வீட்டுக்காரரின் மாத்திரை, பிள்ளைகளின் படிப்பு, வாடகை என்று மாதச் செலவை மனதுக்குள் கூட்டிப் பார்த்தார்.

பள்ளிக் கிளார்க் மூச்சிரைக்க உள்ளே வந்தார்.

"மூணாம் வகுப்பு டீச்சர் எங்கே? கோர்ட்டுல கூடவே இருந்தேன், பஸ் கூட்டத்துல தவறவிட்டுட்டேன்."

"போயாச்சு. நானும் கிளம்புறேன், வழி விடுங்க."

"நீங்க எங்கே டீச்சர் கிளம்புறீங்க?" என்றார் கிளார்க் புரியாமல். "அன்னிக்கு முதல்ல வந்தது நீங்க, இரக்கப்பட்டு வழி விட்டீங்க, அதனால தன் பேரை உங்களுக்குக் கீழே இறக்கணும்னுதானே அந்தம்மா வழக்கே போட்டாங்க!"