துரைக்குப் பசி

றேமண்ட் அங்கிளுக்கு நெஞ்சில் ஈரமே கிடையாது என்று நேசமலர் முடிவு கட்டியது அவருடைய மீனை வைத்துத்தான்.

கொழும்பு கொட்டாஞ்சேனையில் அவர் வீட்டுப் பின்னறையில் அவளும் நாலு வயது மகள் ஆரணியும் குடிவந்து ஆறு மாதம். முன் ஹோலில் ஒரு கண்ணாடித் தொட்டி. அதற்குள் முழங்கை நீளத்தில் ஒற்றை மீன். ஆபிரிக்க ஆற்றுச் சாதியாம். அங்கிள் துறைமுகத்தில் கிளாக்காக இருந்தபோது கப்பல்காரன் ஒருவன் கொடுத்தது. நீட்டு வாய், வாய் நிறைய ஊசிப் பல்லு. அசைகிற இரையென்றால் விடாது. பெயர் துரை.

முந்தியெல்லாம் பின்னேரமானால் அங்கிள் ஒரு சிரட்டை நிறைய உயிரோடு குட்டிக் கப்பி மீனைக் கொட்டுவார். துரை சுழன்று சுழன்று பிடிக்கும்.

"போன மாசம் செக்கிங் வந்த ஆமிக்காரங்க இதப் பாத்து வாயப் பொளந்துக்கிட்டு நிண்டாங்க மகள். வந்த வேலையே மறந்துபோச்சி அவங்களுக்கு" என்று அவருக்குப் பெருமை வேறு.

இப்போது கொஞ்ச நாளாக இரண்டு நாளைக்கு ஒரு கப்பி. ஒன்றே ஒன்று. மிச்சமெல்லாம் பக்கத்துப் போத்தலில், துரையின் கண்ணுக்கு முன்னாலேயே நீந்திக்கொண்டிருந்தன.

"பாவம் அங்கிள், இன்னும் ரெண்டு போடுங்கோவன்."

"உன்ட வேலையப் பாரு மகள்." அதோடு விடமாட்டார். பின்னறைப் பக்கம் தலையால் காட்டுவார். "அவருக்குப் பொலிஸ் துண்டு வந்திச்சா?"

"இன்னும் இல்லை அங்கிள்."

"ம்."

அந்த 'ம்'முக்கு என்ன அர்த்தமென்று அவள் இரவெல்லாம் யோசிப்பாள்.

அவள் புருஷன் சிவபாலன், கொழும்புக்கு வர வவுனியாவில் ஆமியிடம் பாஸ் எடுத்து, வந்து சேர்ந்து பத்து நாள். பொலிஸில் பதியப் போனால், நாளைக்கு வா, நாளையிண்டைக்கு வா. பதிவுத் துண்டு இல்லாமல் செக்கிங்கில் அகப்பட்டால் ட்ரக்கில் ஏற்றிவிடுவார்கள். பிறகு எந்த மறியல் கூடம், எத்தனை மாதம் என்று ஒருத்தருக்கும் தெரியாது. அவன் அறையை விட்டு வெளியே வருவதேயில்லை.

"கிழவன் எங்களை வீட்டை விட்டு எழுப்பப் பார்க்குது" என்றாள் அவனிடம். "வாயில்லாச் சீவனையே பட்டினி போடுற மனுசன், எங்களையோ வைச்சிருக்கப் போகுது?"

"மெல்லக் கதையப்பா. கேட்கப் போகுது."

"கேட்கட்டும்!"

செவ்வாய்க்கிழமை அங்கிள் கொச்சிக்கடைக் கோயிலுக்குப் போயிருந்தார். ஆரணி தொட்டியடியில் நின்று கூப்பிட்டாள்.

"அம்மா, துரை என்னைப் பார்த்து வாயைத் திறக்குது. அதுக்குப் பசிக்குதாம்."

பிள்ளை வாயால் பசி என்று கேட்டபிறகு நேசமலரால் பேசாமல் இருக்க முடியுமா? கறிக்கு வாங்கிய இறாலில் எட்டை எடுத்தாள். ஒவ்வொன்றாக ஈர்க்கில் குத்தித் தண்ணீருக்குள் ஆட்டினாள். துரை எட்டையும் விழுங்கி, வயிறு பந்தாகி, அடியில் போய்ப் படுத்துக்கொண்டது.

"கையை எடு குஞ்சு! வயிறு நிறைஞ்சாலும் மூக்கடியில ஏதும் அசைஞ்சால் கடிச்சுப்போடுமாம்."

"அங்கிளுக்குச் சொல்லுறதோ?"

"மூச்சு விடப்படாது."

இரண்டு பேரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள்.

மறுநாள் காலை ஆறு மணிக்கு வாசலில் சப்பாத்துச் சத்தம்.

மூன்று ஆமிக்காரர்கள். ஒருவன் கையில் வீட்டுப் பட்டியல். றேமண்ட், நேசமலர், பிள்ளை. வேறு யார் என்று சிங்களத்தில் கேட்டான்.

"ஒருத்தரும் இல்லை" என்று அங்கிளும் சிங்களத்தில் சொன்னார். சொன்ன கையோடு கப்பிப் போத்தலைத் தூக்கினார். "இங்க வாங்க மல்லி, ஒரு விளையாட்டுக் காட்டுறேன்" என்று தம்பி முறை வைத்துக் கூப்பிட்டார்.

"மேக மொகக்த மாமே?" இது என்னவென்று கேட்டபடி மூவரும் தொட்டியைச் சுற்றிக்கொண்டார்கள்.

அங்கிள் முழுப் போத்தலையும் கவிழ்த்தார்.

துரை அசையவில்லை. கப்பிகள் அதன் முதுகுக்கு மேலால் ஊர்வலம் போயின.

அங்கிள் தொட்டியைப் பார்த்தார். அந்த உப்பிய வயிற்றைப் பார்த்தார். பிறகு நேசமலரைப் பார்த்தார்.

"உங்கட மீன் நித்திரை மாமே" என்று சிரித்துவிட்டு, பட்டியல்காரன் பின்னறைப் பக்கம் திரும்பினான். இரண்டு அடி வைத்தும் விட்டான்.

"மல்லி, இதப் பாரு!"

அங்கிள் சட்டைக் கையைச் சுருட்டி, விரலைத் தண்ணீருக்குள் விட்டு, துரையின் மூக்கடியில் ஆட்டினார்.

ஒரே கடி.

தொட்டித் தண்ணீர் சிவந்தது. "அம்மோ!" என்று போனவன் ஓடிவந்தான். இன்னொருவன் சட்டைப்பைக்குள்ளிருந்து தன் லேஞ்சியை உருவி அங்கிளின் விரலை இறுக்கிக் கட்டினான். "பைத்தியமா மாமே? உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்க" என்று ஏசினான். பட்டியலில் ஒரு கோடு கீறிக்கொண்டு மூவரும் படியிறங்கினார்கள். பின்னறையை ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை.

நேசமலர் மஞ்சள் தூளும் பழைய சீலைத் துண்டுமாக ஓடிவந்தாள். விரலைக் கழுவும்போது கண்ணீர் மறைத்தது.

"துரைக்குச் சாப்பாடு குடுத்தது யாரு?"

"நான்தான் அங்கிள். பசியோட கிடக்குதெண்டு..."

அங்கிள் நோவில் பல்லைக் கடித்தார். பிறகு மற்றக் கையால் அவள் தலையில் மெல்லத் தட்டினார்.

"உன்ட புருஷனுக்குத் துண்டு வாற வரைக்கும் துரை பசியோடவே இருக்கட்டும் மகள். துண்டு வந்த அண்டைக்கு நீயே வயிறாரப் போடு."