உதடு சொன்னது

“மாமா, அந்த அக்கா ஒண்ணு சொல்றாங்க, நீங்க வேற ஒண்ணு சொல்றீங்களே, ஏன்?”

ஏழு வயது கினு கேட்டதும் தோசெனுக்குச் சுருக்கென்றது.

அசகுசா கொட்டகையில் ஊமைப் படம் ஓடும்போது, திரையோரம் நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பவர் அவர். பத்து வருஷமாக ஜனங்கள் அவர் குரலுக்காகத்தான் வந்தார்கள். இப்போதோ வாசலில் பறக்கும் விளம்பரக் கொடிகளில் அவர் பெயர் சிறுத்து, மிசாவோ என்ற புது நடிகையின் பெயர் பெருத்துவிட்டது. எந்த ஊர்க்காரி என்றுகூட யாருக்கும் தெரியாதவள்.

“உன் பொண்ணுக்குக் காய்ச்சல்ல காதுதான் போச்சு, வாய் போகலை” என்றார், டிக்கெட் கிழிக்கும் ஒதாகியிடம்.

“காதுக்கும் சேர்த்துக் கண்ணு வேலை செய்யுதுண்ணே. உங்க உதட்டையும் படிக்கிறா, மிசாவோ உதட்டையும் படிக்கிறா” என்று ஒதாகி சிரித்தாள். “படத்துல மிசாவோவோட அம்மா சாகிற காட்சி இருக்கே! நேத்து நீங்க வாயைத் திறக்கிறதுக்குள்ளயே ஜனம் அழுதுடுச்சு.”

“அழுதுச்சா? இன்னிக்குச் சிரிக்க வைக்கிறேன் பாரு. அவ தம்பியைக் கட்டிக்கிட்டு அழும்போது, ‘ஐயோ, செருப்பு கடிக்குதே!’ன்னு ஒரு வரி போதும். நாளைக்குக் கொடியில அவ பேரே இருக்காது.”

“பாவம்ணே, யார் பெத்த பொண்ணோ.”

“என் குரல் இல்லேன்னா அவ வெறும் நிழல்!”

கினு அவர் கையை இழுத்தாள். “அக்கா செருப்புன்னு சொல்லலை மாமா.”

“பின்னே என்னதான் சொல்றா?”

“‘பாதி உனக்கு, பாதி எனக்கு. முதல்ல சாப்பிடு, அப்புறம் அழலாம்.’ அப்படித்தான் சொல்றாங்க.”

ஒதாகி விழுந்து விழுந்து சிரித்தாள். “சாவுல போய்ச் சாப்பாட்டுப் பேச்சா! உங்களுக்கு இதைவிட நல்ல சிரிப்பு வரி கிடைக்குமாண்ணே?”

தோசென் சிரிக்கவில்லை. மணி அடித்ததும் உள்ளே போனார்.

அந்தக் காட்சி வந்தது. கொட்டகை அவர் குரலுக்குக் காத்திருந்தது. அவர் செருப்பைப் பற்றிப் பேசவில்லை. எதைப் பற்றியுமே பேசவில்லை. முதல் தடவையாக அவள் உதடுகளை உற்றுப் பார்த்தார். பிறகு, ஜனங்களின் விசும்பலுக்கு நடுவே, திரையை நோக்கி இடுப்பு வளையக் குனிந்து வணங்கினார். எல்லாக் கண்களும் அவள் மேலேயே இருந்ததால் அதை யாரும் பார்க்கவில்லை.

சில வருஷங்களுக்கு முன், ஊரையே அழித்த பெரிய நிலநடுக்கத்துக்கு மறுநாள், எரிந்த ஊருக்கு மேலே உயேனோ மேட்டில், தாயின் உடலருகே கரி படிந்த முகத்தோடு அழுதுகொண்டிருந்த ஒரு பெண்ணுக்கு, பெயர்கூடக் கேட்காமல், தன்னிடமிருந்த ஒரே சோற்று உருண்டையைப் பிட்டுக் கொடுத்தபோது தோசென் சொன்ன அதே வார்த்தைகள்தாம் மிசாவோவின் உதட்டில் இருந்தவை.